தனிக்குடித்தனத்தின் முதல் ஆண்டு: சின்னச் சின்ன எரிச்சல்களைச் சமாளிக்க ஒரு வழிகாட்டி

கல்யாண வீட்டுக் கூட்டம் கலைந்து, மறுவீட்டு விருந்துகளும் முடிந்து, வேலை பார்க்கும் ஊரில் ஒரு வாடகை வீட்டில் இருவர் மட்டும் குடியேறிய பிறகு வரும் முதல் சண்டை பெரும்பாலும் பெரிய காரியத்துக்காக வருவதில்லை. கட்டில் மேல் கிடக்கும் ஈரத் துண்டு, நடுவில் அமுக்கிய பற்பசை, ஐந்தாம் எண்ணில் சுற்றும் மின்விசிறி, காலி பாட்டிலையே திரும்ப ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிட்டுப் போவது என்று, வெளியில் சொன்னால் கேட்பவர் சிரிக்கும் விஷயங்களுக்காகவே வருகிறது. கேட்பவருக்குச் சிரிப்பாக இருப்பது, தினமும் காலையில் அதை எதிர்கொள்பவருக்குச் சிரிப்பாக இருப்பதில்லை. அதனால் இவற்றை அற்பம் என்று ஒதுக்காமல், ஒவ்வொன்றாகக் கையிலெடுத்துத் தீர்க்கும் முறையை இங்கே எழுதுகிறேன். என் வீட்டிலும், எங்கள் குடும்பத்தில் அடுத்தடுத்து மணமான இளையவர்களின் வீடுகளிலும் பார்த்ததை வைத்து நான் உறுதியாக நம்புவது இதுதான்: இந்த எரிச்சல்களில் பெரும்பகுதியைத் தீர்க்க எதிரில் இருப்பவரைத் திருத்த வேண்டிய அவசியமே இல்லை, வீட்டின் ஏற்பாட்டை மாற்றினாலே போதும்.

முதல் படி: ஒரு வாரம் எழுதி வையுங்கள்

இருவரும் தனித்தனியாக ஒரு தாளில், எரிச்சல் வந்த உடனே அதை ஒரு வரியில் எழுதிக்கொள்ள வேண்டும். சண்டைக்கு நடுவில் எழுதுவதும், எழுதியதை உடனே எடுத்து நீட்டுவதும் கூடாது. ஒரு வாரம் கழித்து, வயிறு நிறைந்திருக்கும் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் இரண்டு தாள்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், பாதி வரிகளைப் படிக்கும்போதே எழுதியவருக்குச் சிரிப்பு வந்துவிடும். அவற்றை அங்கேயே அடித்துவிடலாம்.

மீதியைப் பிரிப்பதற்கு முன் ஒன்றை மட்டும் தனியே எடுத்து வைக்க வேண்டும். அடிப்பது, பயமுறுத்துவது, சம்பளப் பணத்தைப் பிடுங்கிக்கொள்வது, கைப்பேசியைச் சோதனை போடுவது, பெற்றோரிடம் பேச விடாமல் தடுப்பது ஆகியவை எதுவும் இந்தக் கட்டுரை பேசும் சின்ன எரிச்சல்களில் சேராது. அவற்றைப் பொறுத்துப் போகும்படி யார் அறிவுரை சொன்னாலும் கேட்க வேண்டியதில்லை. குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் சட்டம் 2005ஆம் ஆண்டிலேயே வந்துவிட்டது. 181 என்ற பெண்கள் உதவி எண்ணை எந்த நேரத்திலும் அழைக்கலாம்.

மற்ற வரிகளுக்கு எதிரே, அந்தப் பழக்கம் எந்த வீட்டிலிருந்து வந்தது என்று எழுதுங்கள். இந்த ஒரு வேலையே பாதிக் கோபத்தைக் குறைத்துவிடும். பால் விஷயத்தையே எடுத்துக்கொள்ளலாம். ஆவினில் நீல நிறப் பாக்கெட்டில் 3 சதவீதக் கொழுப்பும், பச்சையில் 4.5 சதவீதமும், ஆரஞ்சில் 6 சதவீதமும் இருக்கின்றன. பிறந்ததிலிருந்து ஆரஞ்சுப் பாக்கெட்டில் கள்ளிச்சொட்டாகக் காபி குடித்து வளர்ந்தவருக்கு நீலப் பாக்கெட் காபி தண்ணீராகத்தான் தெரியும். நீலத்தில் வளர்ந்தவருக்கோ ஆரஞ்சுக் காபி நெஞ்சில் நிற்கும். "உனக்குக் காபி போடத் தெரியவில்லை" என்று இருவரும் ஒருவரையொருவர் சொல்லிக்கொண்டிருக்கும்போது, உண்மையில் அங்கே வேறுபடுவது கையின் பக்குவமே இல்லை, பாக்கெட்டின் நிறம்தான். அரை லிட்டர் வீதம் இரண்டு நிறத்திலும் வாங்கினால் அந்தச் சண்டை அன்றோடு முடிந்தது.

சமையலில் இது இன்னும் ஆழமாகப் போகும். நாகர்கோவில் பக்கத்துப் பெண்ணுக்குத் தேங்காய் அரைத்து விடாத குழம்பு பாதி வெந்த குழம்பு. மதுரைப் பக்கத்துப் பையனுக்குத் தேங்காய் எண்ணெயில் தாளித்த வாசனையே தலைக்கு எண்ணெய் தேய்த்த நினைவைத் தரும். சாம்பாரில் ஒரு துண்டு வெல்லம் போடும் வீடும், போட்டால் தட்டைத் தள்ளி வைக்கும் வீடும் இதே தமிழ்நாட்டில்தான் இருக்கின்றன. இங்கே ஒரே ஒரு சொற்றொடரைத் தவிர்த்தால் போதும்: "எங்கம்மா வைக்கிற மாதிரி இல்லை." அதற்குப் பதிலாக, "அம்மாவிடம் கேட்டு இந்த ஞாயிற்றுக்கிழமை அந்தக் குழம்பை நான் வைக்கிறேன்" என்று சொல்பவர், தான் விரும்பிய குழம்பையும் சாப்பிடுவார், அதை வைப்பதற்கு எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்பதையும் தெரிந்துகொள்வார்.

இரண்டாம் படி: பேசுவதற்கு முன் வீட்டை மாற்றுங்கள்

ஈரத் துண்டைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் நான் அறிந்த வீடுகளில் அதிகமான முணுமுணுப்பைக் கேட்ட பொருள் அதுதான். குளித்துவிட்டு வருபவர் துண்டைக் கட்டிலில் போடுவது பெரும்பாலும் அலட்சியத்தால் நடப்பதில்லை. அவருடைய சட்டை கட்டிலுக்கு எதிரில் உள்ள அலமாரியில் இருக்கிறது, துண்டு உலர்த்தும் கொடியோ பால்கனியில் இருக்கிறது. சட்டையை எடுக்க ஒரு கை தேவைப்படும் அந்த நொடியில், அருகில் இருக்கும் தட்டையான இடத்தில் துண்டு விழுகிறது. ஆகவே கொக்கியை நீங்கள் அழகாக இருக்கும் என்று நினைக்கும் இடத்தில் மாட்டாமல், அவர் நின்று சட்டை எடுக்கும் இடத்திலிருந்து கை எட்டும் தூரத்தில், அவருடைய தோள் உயரத்தில் மாட்டுங்கள். மாட்டிய முதல் சில நாள்கள் துண்டு பழைய இடத்துக்கே போகும். அப்போது அதை எடுத்துக் கொக்கியில் போட்டுவிட்டு, வாயைத் திறக்காமல் இருப்பது முக்கியம். சென்னை போன்ற கடலோர ஊர்களின் ஈரக் காற்றில் பருத்தித் துண்டு ஒரே நாளில் நாற்றம் எடுத்துவிடும் என்பதால், ஆளுக்கு இரண்டு துண்டுகளாவது வைத்து மாற்றி மாற்றிப் பயன்படுத்துவது நல்லது.

பற்பசைக்கு இரண்டு ட்யூப். போர்வைக்கு இரண்டு ஒற்றைப் போர்வை. சார்ஜருக்கு ஆளுக்கொன்று, அவரவர் பக்கத்தில். இவற்றில் மேலும் பேச ஒன்றுமில்லை.

குளித்து முடித்தவர் குளியலறைத் தரையை ஈரமாகவே விட்டுச் செல்வது இன்னொரு நித்தியப் புகார். நம் வாடகை வீடுகளில் குளிக்கும் இடமும் கழிப்பிடமும் ஒரே தரையில் இருப்பதால், குளித்தவர் வெளியே வரும்போது வைப்பரால் ஒருமுறை தண்ணீரைத் தள்ளிவிட்டு வர வேண்டும். வைப்பரைப் பால்கனியில் வைத்துவிட்டு இந்தப் பழக்கத்தை எதிர்பார்க்கக் கூடாது; அது குளியலறைக் கதவுக்குப் பின்னாலேயே தொங்க வேண்டும். கீசர் சுவிட்சை அணைக்க மறப்பதும் இதே வகைதான். 2000 வாட் கீசர் அரை மணி நேரம் ஓடினால் ஒரு யூனிட் ஆகிறது என்ற கணக்கைத் தெரிந்துகொள்வது பயனுள்ளது, ஆனால் அந்தக் கணக்கைத் தினமும் ஒப்பிப்பது பயனற்றது. தானாக அணையும் டைமர் சுவிட்ச் ஒன்றை மின்பணியாளரிடம் சொல்லிப் பொருத்திவிட்டால் சொல்பவருக்கும் வேலை இல்லை, கேட்பவருக்கும் வேதனை இல்லை.

எரிவாயு உருளை எப்போதும் பாதிச் சமையலில்தான் தீரும், அதுவும் விருந்தாளி வந்திருக்கும் நாளில். 14.2 கிலோ உருளை உங்கள் வீட்டுக்கு எத்தனை நாள் வருகிறது என்பது முதல் இரண்டு உருளைகளிலேயே தெரிந்துவிடும். மாற்றிய தேதியைச் சாக்பீஸால் உருளை மேலேயே எழுதுங்கள். இரண்டாவது உருளையை மாட்டிய அன்றே அடுத்ததற்குப் பதிவு செய்வது என்பதை வழக்கமாக்கினால், "நீ ஏன் சொல்லவில்லை, நீங்கள் ஏன் பார்க்கவில்லை" என்ற உரையாடலுக்கே இடமிருக்காது. தண்ணீர் கேனுக்கும் இதுவே விதி: கடைசிக் கேனைக் கவிழ்ப்பவர் அப்போதே கடைக்குப் போன் செய்ய வேண்டும்.

படுக்கையறையில் குளிரும் காற்றும் தனி வழக்கு. ஒருவருக்கு வியர்க்கும்போது மற்றவருக்கு நடுங்கும் என்பது உடம்பின் இயல்பு, பிடிவாதம் இல்லை. இந்தியாவில் நட்சத்திர முத்திரை பெற்ற அறை ஏசிகள் 2020 ஜனவரி முதல் 24 டிகிரியைத் தொடக்க அளவாகக் கொண்டே விற்கப்படுகின்றன. அந்த 24இலோ, அதற்கும் இரண்டு டிகிரி மேலேயோ வைத்து, வியர்ப்பவர் பக்கம் ஒரு மேசை மின்விசிறியைத் திருப்பி வைப்பதும், குளிர்பவர் ஏசியின் நேர்க்காற்று படாத பக்கத்தில் படுப்பதும் நல்ல ஏற்பாடு. மின்கட்டணமும் இதில் கலந்தே வரும். தமிழ்நாட்டில் இரண்டு மாதத்துக்கு ஒருமுறை கணக்கெடுப்பதால், வீட்டு இணைப்பின் பயன்பாடு அந்த இரண்டு மாதத்தில் 500 யூனிட்டைத் தாண்டினால் கட்டண அடுக்கே மாறிவிடுகிறது. ஒரு மாதம் கழித்து மீட்டரை ஒருமுறை இருவரும் சேர்ந்து பார்த்துவிட்டால், ஏசியைப் பற்றிய முடிவை எண்களே எடுத்துக் கொடுத்துவிடும்.

குறட்டையைக் கேலி செய்வதற்கு முன் கவனியுங்கள். ஒருக்களித்துப் படுத்தால் குறைகிறது என்றால் ஒரு தலையணையை முதுகுக்கு முட்டுக் கொடுப்பதோடு முடிந்தது. நடுநடுவே மூச்சு நின்று திணறி எழுவது, முழு இரவு தூங்கியும் பகலில் கண் செருகுவது ஆகியவை இருந்தால் அது தூக்கத்தில் மூச்சுத் தடைபடும் நோயாக இருக்கலாம். காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். தூங்குபவருக்கே தெரியாத இதைப் பக்கத்தில் படுத்திருப்பவர்தான் சொல்ல முடியும்.

மூன்றாம் படி: வேலையோடு நினைவையும் பங்கிடுங்கள்

கனடாவின் வாட்டர்லூ பல்கலைக்கழகத்தில் மைக்கேல் ராஸ், ஃபியோர் சிகோலி என்ற இரு உளவியலாளர்கள் 1979இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். வீட்டு வேலைகளில் உங்கள் பங்கு எவ்வளவு என்று கணவரையும் மனைவியையும் தனித்தனியாகக் கேட்டு, இரண்டு விடைகளையும் கூட்டினால், பெரும்பாலான தம்பதியரிடம் அது முழு அளவைத் தாண்டியது. யாரும் பொய் சொல்லவில்லை. தான் செய்தது தனக்கு நினைவில் நிற்கிறது, மற்றவர் செய்தது கண்ணில் படாமல் போகிறது, அவ்வளவுதான். அதே சமயம் நம் நாட்டில் யார் அதிகம் செய்கிறார்கள் என்பதில் சந்தேகத்துக்கு இடமில்லை. மத்திய அரசின் 2019 நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, சம்பளமில்லாத வீட்டு வேலைகளில் ஈடுபடும் பெண்கள் ஒரு நாளில் சராசரியாக 299 நிமிடங்களை அதில் செலவிட்டார்கள். ஈடுபடும் ஆண்கள் செலவிட்டது 97 நிமிடங்கள். இருவரும் வேலைக்குப் போகும் வீட்டில் இந்த இடைவெளியைக் குறைப்பது கணவர் செய்யும் உதவி என்று பேசப்படுவதை நான் ஏற்பதில்லை, அது அவருடைய வீட்டு வேலை.

பங்கிடும்போது நடக்கும் தவறு என்னவென்றால், கையால் செய்யும் வேலையை மட்டும் கொடுத்துவிட்டு, அதை நினைவில் வைத்திருக்கும் வேலையைக் கொடுக்காமல் விடுவது. கீரை வாங்கப் போனவரை நினைத்துப் பாருங்கள். கடைக்கு முன்னால் நின்று போன் செய்கிறார்: "சிறுகீரையா, அரைக்கீரையா?" பதில் வந்ததும் அடுத்த அழைப்பு: "ரெண்டும் ஒரே மாதிரிதான் இருக்கு, எது எது?" பிறகு ஒரு புகைப்படம் வாட்ஸ்அப்பில் வருகிறது. அதில் இருப்பது வெந்தயக்கீரை. அடுப்பில் எண்ணெய் காய்ந்துகொண்டிருக்க, ஒரு கையில் கரண்டியும் மறு கையில் போனுமாக நிற்பவருக்கு, தானே போய் வாங்கியிருக்கலாம் என்று தோன்றுவது இயல்பு. அப்படித் தோன்றினாலும் போக வேண்டாம். காய்கறி முழுவதையும் அவருடைய பொறுப்பாக்கிவிடுங்கள்: என்ன தீர்ந்தது என்று பார்ப்பது, இந்த வாரம் என்ன வாங்கலாம் என்று தீர்மானிப்பது, தேர்ந்தெடுப்பது, வந்ததும் பிரித்து வைப்பது எல்லாம். சில வாரங்களில் கீரைக்காரம்மாவே அவருக்குப் பாடம் எடுத்துவிடுவார்.

பொறுப்பைக் கொடுத்தவருக்கும் ஒரு கடமை உண்டு. கொடுத்த வேலையை மறுபடி செய்யக் கூடாது. அவர் கழுவிக் கவிழ்த்த பாத்திரத்தை எடுத்து வேறு வரிசையில் கவிழ்ப்பதும், மடித்த துணியைப் பிரித்து மீண்டும் மடிப்பதும், "உன் வேலை செல்லாது" என்று எழுதிக் கொடுப்பதற்குச் சமம். அடுத்த வாரம் அவர் அந்தப் பக்கமே வரமாட்டார். சுத்தம் குறைந்தால் சொல்லலாம். முறை வேறாக இருந்தால் விட்டுவிட வேண்டும்.

நான்காம் படி: சொல்லும் விதத்தையும் நேரத்தையும் பாருங்கள்

ஏற்பாட்டால் தீராதவை பேச்சுக்கு வரும். அமெரிக்க உளவியலாளர் ஜான் காட்மனும் சிபில் கேரரும் 1999இல் வெளியிட்ட ஆய்வில், புதிதாக மணமான 124 தம்பதியர் ஒரு கருத்து வேறுபாட்டைப் பேசும் காட்சிகளை எடுத்துக்கொண்டு, பேச்சின் முதல் மூன்று நிமிடங்கள் எப்படி இருக்கின்றன என்பதற்கும், பின்னாளில் அந்த மணம் நிலைப்பதற்கும் உள்ள தொடர்பைக் காட்டினார்கள். கடுமையாகத் தொடங்கும் பேச்சு கடுமையாகவே முடிகிறது. நம் வீடுகளில் அந்தக் கடுமை மூன்று சொற்றொடர்களில் நுழைகிறது: "எப்பப் பார்த்தாலும்", "ஒரு தடவையாவது", "உங்க வீட்டு ஆளுங்க எல்லாருமே". இவற்றில் மூன்றாவது வந்துவிட்டால், பேச்சு துண்டிலிருந்து கிளம்பி, கல்யாணப் பந்தியில் யாருக்கு யார் பாயசம் வைக்கவில்லை என்ற இடத்துக்குப் போய்ச் சேர்ந்துவிடும்.

மாறாக, நடந்ததையும், அது உங்களுக்கு என்ன செய்கிறது என்பதையும், என்ன வேண்டும் என்பதையும் அடுத்தடுத்துச் சொல்லுங்கள். "ராத்திரி பாத்திரம் சிங்க்கிலேயே கிடந்தா, காலைல அடுப்படிக்குள்ள போகும்போதே எனக்கு மலைப்பா இருக்குங்க. படுக்கறதுக்கு முன்னாடி ரெண்டு பேருமா சேர்ந்து முடிச்சிடலாமா?" என்று கேட்டால் எதிரில் இருப்பவர் பதில் சொல்வதற்கு இடம் இருக்கிறது. அலுவலகத்திலிருந்து வந்து செருப்பைக் கழற்றும் நேரமும், பசி நேரமும், விளக்கை அணைத்த பிறகு வரும் நேரமும் இதற்கு உதவாதவை. அதே போல விருந்தாளிகளுக்கு முன்னால் வேடிக்கையாகச் சொல்வது போல் குறை சொல்லக் கூடாது. குறட்டையைப் பற்றியோ கீரையைப் பற்றியோ பிறரிடம் சொல்லிச் சிரிக்க வேண்டுமென்றால், அவரிடம் முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். அவரும் சேர்ந்து சிரிக்கும் கதை மட்டுமே வெளியே போகலாம்.

முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு பேசாமல் இருப்பது நம்மிடம் பரவலாக உள்ள வழக்கம். கோபம் தலைக்கேறியபோது பேச்சை நிறுத்துவது சரியானதுதான். உடம்பு அடங்கக் குறைந்தது இருபது நிமிடமாவது இடைவெளி விடச் சொல்கிறார் காட்மன். ஆனால் நிறுத்தும்போது, "இப்ப என்னால பேச முடியல, சாப்பிட்டப்புறம் பேசறேன்" என்று திரும்பி வரும் நேரத்தைச் சொல்லிவிட்டு நிறுத்த வேண்டும். சொல்லாமல் நிறுத்தினால் அது மற்றவருக்குத் தண்டனையாகிவிடும்.

இப்படியெல்லாம் செய்தும் தீராதவை மிஞ்சும், அதில் கலங்க ஒன்றுமில்லை. தம்பதியரின் கருத்து வேறுபாடுகளில் 69 சதவீதம் முழுமையாகத் தீராமல் தொடர்பவை என்று காட்மன் கணக்கிடுகிறார். முகூர்த்தத்துக்கு ஒரு மணி நேரம் முன்பே போய் உட்கார வேண்டும் என்பவரும், தாலி கட்டும் நேரத்துக்குப் போனால் போதும் என்பவரும் ஒரே வீட்டில் இருந்தால், அவர்களை யாராலும் ஒரே மாதிரி ஆக்க முடியாது. பக்கத்து மண்டபமாக இருந்தால் ஒருவர் முன்னே போகட்டும், மற்றவர் ஆட்டோவில் வரட்டும்.

ஐந்தாம் படி: இரண்டு ஊர், ஒரு நாள்காட்டி

வீட்டு எரிச்சல்களைப் பெற்றோரிடம் போனில் சொல்லாமல் இருப்பது எவ்வளவு கடினம் என்று எனக்குத் தெரியும். இருந்தாலும் அதைப் பழகியே ஆக வேண்டும். காலையில் சண்டை போட்டவர்கள் மாலையில் ஒன்றாக மசால் தோசை சாப்பிடப் போய்விடுவார்கள், ஆனால் நடுவில் விஷயத்தைக் கேட்ட அம்மா அடுத்த பொங்கல் வரை மறக்கமாட்டார். மாமனார் மாமியாரிடம் சொல்ல வேண்டியது ஏதாவது இருந்தால், அவர்களுடைய பிள்ளையே சொல்லட்டும். மருமகள் சொன்னால் வருத்தமாகும் அதே வாக்கியம், மகன் சொன்னால் வெறும் செய்தியாகப் போய்விடும். மருமகனுக்கும் இது அப்படியே பொருந்தும்.

பண்டிகைக்கு எந்த ஊர் என்பது ஆண்டுதோறும் திரும்பி வரும் கேள்வி. ஆடிக்குப் பெண்ணை அழைத்துப் போவதையும், தலை தீபாவளியை மாமனார் வீட்டில் கொண்டாடுவதையும் வழக்கமே தீர்மானித்துவிடுகிறது. பொங்கலிலிருந்துதான் பிரச்சினை தொடங்கும். "அப்போ பார்த்துக்கலாம்" என்று தள்ளிப்போட்டால் அந்த முடிவை ரயில்வே எடுத்துவிடும். 2024 நவம்பர் முதல் முன்பதிவுக் காலம் 120 நாளிலிருந்து 60 நாளாகக் குறைந்திருக்கிறது. ஜனவரி 13ஆம் தேதி ஊருக்குக் கிளம்ப வேண்டுமென்றால் நவம்பர் 14ஆம் தேதி காலை 8 மணிக்கு முன்பதிவு திறக்கும். நெல்லை, பாண்டியன், சேரன் போன்ற இரவு ரயில்களில் பண்டிகை இடங்கள் சில நிமிடங்களில் தீர்ந்துவிடும். ஆகவே தீபாவளி முடிந்து திரும்பும் பயணத்திலேயே, பொங்கல் எந்த ஊரில், திரும்பும் தேதி எது, இரண்டு வீட்டிலும் யார் எப்போது சொல்வது என்று முடிவு செய்து, அடுத்த ஆண்டுக்கு ஊர்களை மாற்றி நாள்காட்டியில் குறித்துக்கொள்ளுங்கள். இரண்டு ஊரும் பக்கத்தில் இருந்தால் போகியும் பெரும்பொங்கலும் ஒரு வீட்டில், மாட்டுப் பொங்கலும் காணும் பொங்கலும் மற்ற வீட்டில் என்று பிரிக்கலாம். தூரமாக இருந்தால் பிரிக்காதீர்கள். நான்கு நாளில் இரண்டு நாள் பேருந்திலேயே கழிந்துவிடும். அவரவர் பெற்றோருக்கு அவரவரே, டிக்கெட் எடுத்த அன்று மாலையே, போன் செய்து சொல்லிவிடுங்கள்.